கூப்பிட்ட குரலுக்கு வராதவர்

நீதிமன்றத் தாழ்வாரத்தில் ஒரு பகற்பொழுது நின்றவர்கள் அந்தக் குரலை அறிவார்கள். டவாலி வாயிற்படிக்கு வந்து ஒரு பெயரைக் கூவுகிறார். மும்முறை கூவுகிறார். கூட்டத்தில் அசைவு இல்லை. அவர் உள்ளே திரும்புகிறார். நீதிபதி வழக்குக் கட்டில் ஒரு வரி எழுதுகிறார்: வாதி ஆஜரில்லை, வழக்குத் தள்ளுபடி. உடனே அடுத்த பெயர். முழுதும் ஒரு நிமிடம்கூட ஆவதில்லை. ஆனால் அந்தக் கட்டுக்குள் ஒருவருடைய வீடும், மற்றொருவருடைய மானமும், இன்னொருவருடைய பத்தாண்டுக் காலக் காத்திருப்பும் இருந்திருக்கலாம். சாட்சி விசாரிக்கப்படவில்லை, ஆவணம் பிரித்துப் பார்க்கப்படவில்லை, யார் பக்கம் நியாயம் என்ற கேள்வியே எழவில்லை. கூப்பிட்டபோது ஒருவர் அங்கே இல்லை என்பது ஒன்றே எல்லாவற்றையும் முடித்துவிட்டது.

இது நீதியா என்று கேட்டால், சட்டம் படித்தவர்கள் புன்னகை செய்வார்கள். நடைமுறை அறியாதவன் கேட்கும் கேள்வி என்பார்கள். இருக்கட்டும். கேட்கப்படாத உரிமை அற்றுப்போன உரிமையா, வராமல் இருப்பது விட்டுக்கொடுப்பதற்குச் சமமா என்பது நடைமுறையோடு முடிந்துவிடும் கேள்வி அன்று. அது நம் வீடுகளுக்குள்ளும் இருக்கிறது.

நமக்குத் தெரிந்த மூதாட்டி ஒருவர், கடலோர ஊரொன்றில் பிறந்தவர். தந்தை மறைந்தபோது இரண்டு சகோதரர்களும் இவருமே வாரிசுகள். இருந்தது ஒரு வீடும் சிறிது தோப்பும். நம் பாகப்பிரிவினைக் கணக்கு எளியது: ஆணுக்கு இரு பங்கு, பெண்ணுக்கு ஒரு பங்கு, ஆக ஐந்தில் ஒன்று இவருக்குரியது. பல ஆண்டுகள் வாய்விட்டுக் கேட்கவில்லை. கணவர் மறைந்து, கையில் இருந்ததும் கரைந்த பின், 1984-ல் பிரிவினை கோரித் தாலுகா ஊரில் ஒரு தாவா போட்டார். அதன் பின் மகள் வீட்டோடு வேற்றூர் போய்விட்டார். பிராதில் தந்திருந்த முகவரியோ தந்தையின் வீடு. அதாவது, அவர் யார் மீது வழக்குத் தொடுத்தாரோ அவர்களுடைய வாசல். வக்கீல் குமாஸ்தா எழுதிய அஞ்சலட்டைகள் எல்லாம் அந்த வாசலுக்கே போய்ச் சேர்ந்தன. ஒன்றும் இவர் கைக்கு வரவில்லை. ஒரு நாள் டவாலி மும்முறை கூப்பிட்டார், வழக்கு முடிந்தது. அது முடிந்த செய்தி இவருக்கு எட்ட இரண்டு ஆண்டுகள் ஆயின.

காகிதங்களை எடுத்துக்கொண்டு அவர் நம்மிடம் வந்தபோது சொன்னது ஒன்றுதான்: “தம்பி, நான் விடலையே.”

சட்டம் என்ன சொல்கிறது என்பதை முதலில் பார்த்துவிடுவோம். 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஒன்பதாம் கட்டளை இதற்கென்றே எழுதப்பட்டது. வாதியும் பிரதிவாதியும் இருவருமே வராவிட்டால் வழக்கைத் தள்ளலாம். ஆயினும் வாதி மீண்டும் புது வழக்குப் போடலாம், அல்லது பழையதையே உயிர்ப்பிக்கக் கேட்கலாம். பிரதிவாதி வந்து, வாதி மட்டும் வராவிட்டால் நிலை கடுமையானது: வழக்கு தள்ளப்படும், அதே காரணத்தின் மீது புது வழக்கும் போட முடியாது. வராமைக்குப் ‘போதுமான காரணம்’ இருந்தது என்று காட்டி, தள்ளுபடியை நீக்கக் கேட்பதே ஒரே வழி. அதற்குக் காலவரையறைச் சட்டம் தந்திருக்கும் அவகாசம் முப்பது நாள். இதில் ஒரு நுட்பத்தைக் கவனிக்க வேண்டும். அழைப்பாணை கிடைக்காமல் ஒருதலைத் தீர்ப்புக்கு ஆளான பிரதிவாதிக்கு அந்த முப்பது நாள் அவர் செய்தி அறிந்த நாளிலிருந்து ஓடும். வாதிக்கோ தள்ளுபடியான நாளிலிருந்தே ஓடும்; அறிந்தாலும் அறியாவிட்டாலும் ஓடும். வழக்கைத் தொடுத்தவர் நீயல்லவா, உன் வழக்கின் நாளை நீயே அறிந்திருக்க வேண்டும் என்பது அதன் உட்கருத்து. தவறென்று சொல்ல முடியவில்லை. ஆனால் அந்த மூதாட்டிக்குப் படிக்கத் தெரிந்தது குர்ஆனும் அரபுத் தமிழும் மட்டுமே. வழக்கின் நாளைச் சொல்ல வேண்டிய அட்டைகள் எதிரிகளின் கைக்குப் போய்க்கொண்டிருந்தன.

மறுபக்கத்தையும் பேசியாக வேண்டும். அதைப் பேசாமல் இரக்கத்தை மட்டும் பேசுவது நேர்மையாகாது.

வழக்குத் தொடுப்பது என்பது மற்றொரு மனிதரின் வாழ்வில் கை வைப்பதாகும். வழக்கு நிலுவையில் இருக்கும் வரை பிரதிவாதி அந்த நிலத்தை நல்ல விலைக்கு விற்க முடியாது. அடகு வைக்க முடியாது. மகளின் திருமணத்திற்கு நம்பியிருக்க முடியாது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் வேலையை விட்டு, பேருந்துக் கட்டணம் கொடுத்து வந்து நிற்க வேண்டும். தொடுத்தவர் வீட்டில் இருந்துகொண்டு, தொடுக்கப்பட்டவர் மட்டும் அலைவது அநியாயமே. இன்னும் மோசமானது ஒன்று உண்டு. வழக்கோடு இடைக்காலத் தடை ஒன்றையும் வாங்கிக்கொண்டு, அதன் பின் வழக்கை நகர்த்தவே விரும்பாதவர்கள் இருக்கிறார்கள். தீர்ப்பு வந்தால் தோற்கக் கூடும். தீர்ப்பு வராத வரை தடை நிற்கும். அவர்களுக்கு வராமல் இருப்பதே வெற்றி. அத்தகையவர் வழக்கைத் தூக்கி எறிவதுதான் நீதி. எறியாமல் இருப்பதுதான் பிழை.

நீதிமன்றத்தின் நேரமும் யாரோ ஒருவருடைய நேரமே. 2023-ஆம் ஆண்டில் இந்நாட்டு நீதிமன்றங்கள் அனைத்திலும் தேங்கிய வழக்குகள் ஐந்து கோடியைக் கடந்துவிட்டன என்று நாடாளுமன்றத்திலேயே சொல்லப்பட்டது. வராதவருக்காக ஒதுக்கும் ஒவ்வொரு மணியும், வந்து தாழ்வாரத்தில் நிற்பவரிடமிருந்து எடுக்கப்படுவது. மேலும், வராத வாதிக்காக நீதிபதியே கட்டைப் பிரித்து அவர் பக்கத்து நியாயத்தைத் தேடத் தொடங்கினால், எதிரே நிற்பவர் யாரிடம் முறையிடுவார்? நடுவர் ஒரு பக்கத்து வக்கீலாகிவிட்டார் என்றல்லவா ஆகும்? உறங்குபவருக்கு அன்று, விழித்திருப்பவருக்கே சட்டம் துணை நிற்கும் என்ற பழைய உரோமானியக் கருத்து இக்காரணங்களால்தான் இன்றும் நீதிமன்றங்களில் எடுத்தாளப்படுகிறது.

நம் ஃபிக்ஹு நூல்களும் இதற்கு மாறுபட்டவை அல்ல. ஹிஜ்ரி ஆறாம் நூற்றாண்டில் இமாம் மர்கீனானி எழுதிய ஹிதாயா, ஹனஃபி மத்ஹபின் தலையாய நூல்களுள் ஒன்று. வாரன் ஹேஸ்டிங்ஸ் காலத்தில் தொடங்கி, 1791-ல் ஹாமில்டன் ஆங்கிலத்தில் வெளியிட்ட மொழிபெயர்ப்பின் வழியே இந்திய நீதிமன்றங்களுக்குள்ளும் நுழைந்த நூல். வாதி யார், பிரதிவாதி யார் என்று இலக்கணம் வகுக்கும் இடத்தில், வழக்காட வேண்டும் என்று யாராலும் கட்டாயப்படுத்த முடியாதவரே வாதி, கட்டாயப்படுத்தக் கூடியவரே பிரதிவாதி என்று அது பிரிக்கிறது. வாதி தன் கோரிக்கையைக் கைவிட்டால் அவரை விட்டுவிட வேண்டியதுதான். ஏன் விட்டாய் என்று காஜி அவரை இழுத்துவர முடியாது. எத்துணைக் கூர்மையான பிரிப்பு! உரிமை என்பது ஒருவர் விரும்பினால் எடுத்துக்கொள்வது, விரும்பினால் விட்டுவிடுவது என்ற மரியாதை அதனுள் இருக்கிறது. ஹலரத் உமர் (ரலி) அவர்கள் அபூ மூஸா அல் அஷ்அரி (ரலி) அவர்களுக்கு எழுதியதாக வழங்கிவரும் கடிதத்திலும், கையில் இல்லாத சாட்சியத்தைக் கொண்டு வருவேன் என்று சொல்பவருக்கு ஒரு தவணை கொடுக்குமாறும், தவணைக்குள் கொண்டு வந்தால் அவர் உரிமையை வழங்குமாறும், வராவிட்டால் அவருக்கு எதிராக முடித்துவிடுமாறும் அறிவுரை உள்ளது. தவணை உண்டு, தவணைக்கு எல்லையும் உண்டு.

ஆனால் விட்டுவிடுவது என்பது வேறு; விட்டுவிட்டது போல் தோன்றுவது வேறு. இக்கட்டுரையின் சிக்கல் முழுவதும் இந்த இரண்டுக்கும் இடைப்பட்டதே. நீதிபதி அமர்ந்திருக்கும் மேடையிலிருந்து பார்த்தால் தெரிவது காலியான ஓர் இடம் மட்டுமே. ஆர்வம் குன்றியவரின் இடமும் காலியாகத்தான் இருக்கும். நோயில் கிடப்பவரின் இடமும், செய்தி மறைக்கப்பட்டவரின் இடமும், பேருந்துக்குக் காசில்லாதவரின் இடமும் அப்படியேதான் இருக்கும். வெற்றிடத்திற்கு முகம் கிடையாது.

உதுமானியப் பேரரசில் 1869 முதல் 1876 வரை அஹ்மத் ஜெவ்தத் பாஷா தலைமையில் தொகுக்கப்பட்ட மஜல்லா என்னும் சட்டத் தொகுப்பு, ஹனஃபி மரபை 1851 விதிகளாக அடுக்கிற்று. அதன் முற்பகுதியில் உள்ள பொது நெறிகளுள் ஒன்று மௌனத்தைப் பற்றியது. பேசாதிருப்பவர் மீது ஒரு சொல்லை ஏற்றிக் கூறலாகாது என்பது அதன் முதற்பாதி. பேசியே ஆக வேண்டிய வேளையில் காக்கும் மௌனம் பேச்சாகவே கொள்ளப்படும் என்பது பிற்பாதி. அறிஞர்கள் இவ்விரண்டுக்கும் காட்டும் எடுத்துக்காட்டுகளில் நம் மனம் நின்றுவிடுகிறது. ஒருவர் பொருளை அந்நியன் ஒருவன் அவர் கண்ணெதிரே விற்கிறான். அவர் பேசாமல் நிற்கிறார். அந்த மௌனம் அனுமதி ஆகாது; பொருள் அவருடையதே. ஆனால் பக்கத்து நிலம் விற்கப்படுவதை அறிந்தும், முன்னுரிமையாக வாங்கும் உரிமை உடையவர் உடனே குரல் கொடுக்காமல் இருந்துவிட்டால், அந்த உரிமை போய்விடும். ஏன் இந்த வேறுபாடு? முன்னது அவரிடம் ஏற்கெனவே இருக்கும் உடைமை. பின்னது கேட்டால் மட்டுமே பிறக்கும் சலுகை. கேட்டுப் பெறுவதற்கும், கேளாமலே உரியதாய் இருப்பதற்கும் உள்ள இந்த வேறுபாட்டை நாம் மறந்துவிடுகிறோம். வாரிசுரிமை எந்த வகை? தந்தை கண் மூடிய கணமே மகளின் பங்கு மகளுக்குரியதாகிவிடுகிறது. அவள் கேட்டுத்தான் பிறக்க வேண்டும் என்பதில்லை. கேட்கவில்லையே என்று சகோதரர்கள் சொல்வது, அந்நியன் விற்றபோது நீ தடுக்கவில்லையே என்று சொல்வதைப் போன்றதே.

காலம் கடந்த வழக்கைப் பற்றி மஜல்லா செய்த ஏற்பாடும் வியப்புக்குரியது. கடன், அடைக்கலப் பொருள், வீடு நிலம், வாரிசுரிமை ஆகியவை பற்றிய வழக்குகள் பதினைந்து ஆண்டுகள் கடந்தபின் கேட்கப்பட மாட்டா. ஆயினும் காலம் கழிவதால் உரிமை அழிவதில்லை என்ற கருத்தை அதே அத்தியாயம் தெளிவாகவே பொறித்து வைத்திருக்கிறது. காஜியின் கதவு சாத்தப்படும். உரிமை உள்ளபடியே இருக்கும். கடன்பட்டவன் ஒப்புக்கொண்டுவிட்டால், எத்தனை ஆண்டு கடந்தாலும் கொடுத்தே தீர வேண்டும். மேலும், சிறுவயதினர், சித்தம் தெளிவில்லாதவர், தொலைதூரம் சென்றிருப்பவர் ஆகியோருக்கு அந்தப் பதினைந்தாண்டுக் கணக்கு ஓடாது. எதிரி அதிகாரமும் செல்வாக்கும் படைத்தவனாய் இருந்து, அஞ்சி வாய் திறக்காதவருக்கும் ஓடாது. கடைசியாகச் சொன்ன விலக்கை ஒரு முறை திரும்பப் படித்துப் பாருங்கள். அச்சத்தால் வந்த மௌனம் மௌனமே அன்று என்று ஒரு சட்டம் எழுதி வைத்திருக்கிறது.

இந்திய நீதிமன்றங்களும் அந்த முகமற்ற வெற்றிடத்திற்கு முகம் தேட முயன்றிருக்கின்றன. 1981-ல் உச்ச நீதிமன்றத்திற்கு வந்த ஒரு மேல்முறையீடு அது. வக்கீல் வரவில்லை, உயர்நீதிமன்றம் முடித்துவிட்டது, செய்தி அறிந்து கட்சிக்காரர் பதறி மனுப் போட்டார், அதுவும் தள்ளப்பட்டது. நீதிபதி டி.ஏ. தேசாய் எழுதிய தீர்ப்பு, கிராமத்து மனிதர் ஒருவர் வக்கீலைத் தேர்ந்து, விவரம் சொல்லி, கட்டணமும் கொடுத்துவிட்ட பின் அவர் செய்ய வேறென்ன இருக்கிறது என்று வினவியது. வழக்கு என்று விசாரணைக்கு வரும் என்று பார்க்க அவர் நீதிமன்ற வாசலிலேயே காவல் கிடக்க வேண்டுமா? வழக்கு உயிர்ப்பிக்கப்பட்டது, எதிர்த்தரப்புக்குரிய செலவுத் தொகையை வராத வக்கீலிடமிருந்தே வசூலிக்கச் சொன்னது நீதிமன்றம். பின்னர் 1993-ல், கல்கத்தாவில் தலைமையகம் கொண்ட ஒரு நிறுவனம் அதே தீர்ப்பைக் கையில் ஏந்தி வந்தபோது, அது உங்களுக்குப் பொருந்தாது என்று அதே நீதிமன்றம் திருப்பி அனுப்பியது. பழி எல்லாவற்றையும் வக்கீல் தலையில் போட்டுவிட்டுப் படித்தவரும் வசதி படைத்தவரும் தப்பித்துக்கொள்ள இயலாது. வராமை ஒன்றுதான்; வராதவர் வேறு. சரியான பார்வை என்றே நமக்குத் தோன்றுகிறது.

இவ்விடத்தில் ஒன்று சொல்லத் தோன்றுகிறது. நம் தமிழ் நீதிமன்றச் சொற்களுள் எத்தனை அரபு மண்ணிலிருந்து வந்தவை என்று வாசக நேயர்கள் எண்ணிப் பார்த்ததுண்டா? தாவா என்பது தஃவா, உரிமை கோரல். ஆஜர் என்பது ஹாளிர், முன் நிற்றல். முன்சீப் என்பது முன்ஸிஃப், நியாயம் வழங்குபவர். வாய்தா என்பது வஃதா, வாக்குறுதி! இன்ன நாளில் கேட்கிறோம் என்று நீதிமன்றம் தரும் வாக்கு அது. இன்று அச்சொல்லுக்கு இழுத்தடிப்பு என்றே பொருளாகிவிட்டது. வக்கீல் என்பவரோ, நம் காரியத்தை நம்பி ஒப்படைக்கப்பட்டவர். அல்வகீல் என்பது இறைவனின் திருநாமங்களுள் ஒன்று. வகாலத்துத் தாளில் கைநாட்டு வைக்கும் ஏழை, தன் வாயையே எடுத்து மற்றொருவர் கையில் அமானிதமாகக் கொடுக்கிறார். அந்த வாய் வராமற்போனால் அவர் ஊமையாகிறார். பின்பு, ஊமையாய் இருந்தாய் என்பதற்காகவே தண்டிக்கப்படுகிறார்.

1987-ல் வந்த மற்றொரு தீர்ப்பையும் சொல்ல வேண்டும். காஷ்மீரில் பொதுத் தேவைக்கென எடுக்கப்பட்ட நிலத்தின் இழப்பீடு பற்றிய வழக்கு. அரசு தன் மேல்முறையீட்டை நான்கே நாள் தாமதித்துப் போட்டது, உயர்நீதிமன்றம் ஏற்கவில்லை. நீதிபதி எம்.பி. தாக்கர், ஒவ்வொரு நாள் தாமதத்திற்கும் விளக்கம் வேண்டும் என்றால், ஒவ்வொரு மணிக்கும் ஒவ்வொரு நொடிக்கும் ஏன் கேட்கக் கூடாது என்று எள்ளல் தொனிக்க வினவினார். தாமதத்தால் பொதுவாக யாருக்கும் இலாபம் இல்லை. இழப்பு வரும் அபாயமே உண்டு. ஆகவே வேண்டுமென்றே தாமதித்தார் என்று எடுத்த எடுப்பில் கருதலாகாது என்பது அவர் வாதம். மனிதரைப் பற்றிய நல்லெண்ணத்திலிருந்து தொடங்கும் வாதம். ஆனால் அந்நல்லெண்ணத்தின் பயன் அவ்வழக்கில் அரசுக்குக் கிடைத்தது என்பதையும் மறப்பதற்கில்லை. அரசுக்கு நான்கு நாள் மன்னிக்கப்பட்ட நாட்டில், மூதாட்டிக்கு இரண்டு ஆண்டு மன்னிக்கப்படுமா?

உயிரும் சிறையும் சம்பந்தப்பட்ட இடத்தில் சட்டம் தன் கதவை அவ்வளவு எளிதாகச் சாத்துவதில்லை. தண்டிக்கப்பட்டவர் செய்த மேல்முறையீட்டை, அவரோ வக்கீலோ வரவில்லை என்பதற்காகத் தள்ளக் கூடாது, ஆவணங்களைப் படித்துத் தகுதி பார்த்தே தீர்க்க வேண்டும் என்று 1996-ல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு முடிவு கூறியது. பொதுநல வழக்குகளிலும் இவ்வாறே. சிறைகளில் அடைபட்ட சிறுவர்களுக்காக வழக்குத் தொடுத்த பத்திரிகையாளர் ஷீலா பார்சே, நீதிமன்றத்தின் தாமதத்தில் மனம் வெறுத்து வழக்கைத் திரும்பப் பெறுவதாகச் சொன்னபோது, 1988-ல் உச்ச நீதிமன்றம் அதற்கு இசையவில்லை. நீங்கள் விலகலாம், வழக்கு விலகாது என்பதே அதன் சாரம். அச்சிறுவர்களின் உரிமை, கொண்டு வந்தவரின் கைப்பொருள் அன்றே!

இதை எழுதும்போது வக்புச் சொத்துகளின் நினைவு வராமல் இல்லை. அங்கே உரிமையாளர் இறைவன். பயன் பெறுவோர் அநாதைகளும் ஏழைகளும். வாய் திறக்க வேண்டியவர் முத்தவல்லி ஒருவர். அவர் வாய்தாவுக்குப் போகாவிட்டால் அது யாருடைய மௌனம்? வக்பின் அடிப்படை பற்றிய வழக்குக்குப் பதினைந்துக்குப் பதிலாக முப்பத்தாறு ஆண்டுகளை மஜல்லா தந்தது இதை எண்ணித்தான் போலும். இந்நாட்டிலும், பிரிவினைக் காலக் குழப்பத்தில் கைநழுவிய பொது வக்புகளுக்காக 1959-ல் காலவரையறையை நீட்டித் தனிச்சட்டம் வந்தது. 1995-ஆம் ஆண்டு வக்புச் சட்டத்தின் 107-ஆம் பிரிவு, வக்பு நிலத்தை மீட்கும் வழக்குகளுக்குக் காலவரையறையே இல்லை என்றது. 2025-ஆம் ஆண்டுத் திருத்தம் அந்தப் பாதுகாப்பை எடுத்துவிட்டுக் காலவரையறைச் சட்டத்தைப் பொருத்திவிட்டது. அதைக் குறித்து வருந்துவோர் பலர், நாமும் வருந்துகிறோம். ஆனால் காலவரையறையே இல்லாதிருந்த முப்பது ஆண்டுகளில் நம் ஊர் ஜமாஅத்துகள் எத்தனை வழக்குகளை நடத்தின, எத்தனை வழக்குகளில் கூப்பிட்டபோது ஆள் இல்லை என்று ஊருக்கு ஊர் கேட்டுப் பார்த்தால் தலை குனிய நேரும். அங்கே மஜல்லா சொன்ன எந்த விலக்கும் நமக்குப் பொருந்தாது. நாம் சிறுவர்களும் அல்லர். தொலைதூரம் சென்றவர்களும் அல்லர்.

எனினும், இதுவரை பேசியவை எல்லாம் நீதிபதியின் கடமையும் வாதியின் கடமையும். மூன்றாம் மனிதர் ஒருவர் இருக்கிறார். அவரைப் பற்றிச் சட்ட நூல்கள் அதிகம் பேசுவதில்லை. வாதி வராததால் வென்றாரே, அவர்.

அவர் எதை வென்றார்? உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் இரண்டாம் பிரிவு டிக்ரி என்றால் என்ன என்று விளக்குமிடத்தில், வராமைக்காகத் தள்ளும் உத்தரவு டிக்ரி ஆகாது என்று வெளிப்படையாகவே விலக்கி வைத்திருக்கிறது. அதாவது நீதிமன்றம் அவர் பக்கம் நியாயம் இருப்பதாகச் சொல்லவில்லை. சொல்ல முயலவும் இல்லை. கேட்டவர் வரவில்லை, ஆகவே நாங்கள் கேட்கவில்லை என்று மட்டுமே சொல்லியிருக்கிறது. ஆனால் அவரோ கோர்ட்டே எனக்குச் சாதகமாகச் சொல்லிவிட்டது என்று ஊரெல்லாம் சொல்லிக்கொள்கிறார். சில காலம் சென்றபின் தாமே அதை நம்பவும் தொடங்கிவிடுகிறார்.

தீர விசாரித்துச் சொன்ன தீர்ப்பே ஹராமை ஹலாலாக்காது என்னும்போது, விசாரிக்காமலே விட்ட உத்தரவு எப்படி ஆக்கும்? அண்ணல் நபி (ஸல்) அவர்கள் தம்மிடம் வழக்குக் கொண்டு வந்தவர்களை எச்சரித்தது உம்மு ஸலமா (ரலி) அவர்கள் வாயிலாக நமக்குக் கிடைத்திருக்கிறது. தாமும் மனிதரே என்றும், ஒருவர் மற்றவரைவிட வாதத் திறன் மிக்கவராய் இருக்கக் கூடும் என்றும், செவியுற்றதைக் கொண்டே தீர்ப்பளிப்பதாகவும், அதனால் சகோதரனின் உரிமை ஒருவருக்குப் போய்ச் சேர்ந்துவிட்டால் அவர் பெற்றுக்கொள்வது நெருப்பின் துண்டு என்றும் பெருமானார் அறிவித்தார்கள். தூதரின் தீர்ப்புக்கே இந்த எல்லை. காஜியின் தீர்ப்பு உள்ளும் புறமும் செல்லுமா, புறத்தே மட்டும் செல்லுமா என்று இமாம்களிடையே நுண்ணிய கருத்து வேறுபாடு உண்டு. இமாம் அபூ ஹனீஃபா அவர்கள் திருமணம் போன்ற ஒப்பந்தங்களில் உள்ளும் செல்லும் என்றார்கள். அவர்தம் மாணவர்களான அபூ யூசுஃபும் முஹம்மதும் மறுத்தார்கள். ஆனால் காரணம் காட்டாத சொத்துக் கோரிக்கையில் எவருக்கும் கருத்து வேறுபாடு இல்லை: தீர்ப்பு பொய்யான பொருளை உரியதாக்காது.

கடனிலும் இதே நிலைதான். கொடுத்த கடனைக் கேட்டு மூன்று ஆண்டுக்குள் வழக்குப் போடாவிட்டால் நீதிமன்றம் ஏற்காது. எனினும் கடன் செத்துவிடுவதில்லை. காலம் கடந்த கடனையும் கொடுப்பதாக எழுதிக் கையொப்பமிட்டால் அது செல்லுபடியாகும் என்று 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டமே ஏற்கிறது. ஆங்கிலேயன் எழுதிய சட்டத்திலும் மனச்சாட்சிக்கு ஒரு சன்னல் திறந்திருக்கிறது. கடனோடு இறந்தவருக்குத் தொழுகை நடத்தாமல் நபிகளார் பின்வாங்கி நின்றதும், அபூ கதாதா (ரலி) அக்கடனைத் தாம் ஏற்ற பின்னரே முன்வந்ததும் நாம் மேடைதோறும் கேட்டதே. கடன் கொடுத்தவர் கேட்டாரா, எத்தனை ஆண்டு ஆயிற்று என்று அங்கே எவரும் கணக்குப் பார்க்கவில்லை.

மூதாட்டியிடம் திரும்புவோம். அன்று நாம் வேறொரு வக்கீலிடம் அழைத்துப் போனோம். இரண்டு ஆண்டுத் தாமதத்தை மன்னிக்கச் செய்வது கடினம், செலவும் ஆகும் என்றார் அவர். அத்தோடு திரும்பிவிட்டோம். சொத்து கூட்டாக நீடிக்கும் வரை பிரிவினை கேட்கும் உரிமை நாள்தோறும் புதிதாகப் பிறந்துகொண்டே இருக்கும், ஆகவே ஒரு முறை தள்ளுபடியானாலும் மீண்டும் பிரிவினை வழக்குப் போடத் தடையில்லை என்று உயர்நீதிமன்றங்கள் கூறியிருப்பதை அவர் சொல்லவில்லை. நாமும் கேட்டறியவில்லை. பல ஆண்டு கழித்து வேறு காரியமாகச் சட்டப் புத்தகத்தைப் புரட்டியபோதுதான் நம் கண்ணில் பட்டது. அதற்குள் வீடு விற்கப்பட்டுவிட்டது, அவரும் மௌத்தாகிவிட்டார். அவர் வழக்கைத் தொடராமல் விட்டவர்களின் பட்டியலில் நம் பெயரும் உண்டு என்பதை இங்கே எழுதி வைக்கிறோம். ஊரில் காண்பவரிடமெல்லாம் தம் பங்கைப் பற்றி அவர் சொல்லிக்கொண்டேதான் இருந்தார். நீதிமன்றத்தில் மட்டும் சொல்லவில்லை.

இரண்டு ஆண்டுகளுக்கு முன் மூத்த சகோதரரின் மகன் நம்மைத் தேடி வந்தார். தகப்பனாரின் பெட்டியில் பழைய தள்ளுபடி உத்தரவின் நகல் இருந்ததாம். “மாமி கேஸ் கோர்ட்லயே தள்ளுபடியாயிருச்சே காக்கா, இனி எங்க மேல ஒண்ணும் இல்லல்ல?” என்று கேட்டார். கேட்ட விதத்தில் ஒரு கலக்கம் இருந்தது. முழு நிம்மதியோடு கேட்பவர் நகலைத் தூக்கிக்கொண்டு அவ்வளவு தூரம் வரமாட்டார். டிக்ரிக்கும் தள்ளுபடிக்கும் உள்ள வேறுபாட்டைச் சொன்னோம். ஐந்தில் ஒன்று என்ற கணக்கைச் சொன்னோம். அந்த முகவரிக்கு வந்து சேர்ந்த அஞ்சலட்டைகளைப் பற்றியும் சொன்னோம். அது அவருக்குப் புதிய செய்தி. அவர் ஒன்றும் பேசவில்லை. தேநீரைக் குடித்துவிட்டுச் சலாம் சொல்லி எழுந்து போனார். அந்த மௌனத்தின் மீது எந்தச் சொல்லையும் ஏற்றிச் சொல்ல நாம் விரும்பவில்லை. ஒரு மாதம் சென்று தொலைபேசியில் அழைத்து, மாமியின் மகள் இப்போது எந்த ஊரில் இருக்கிறார் என்று கேட்டார். முகவரியைச் சொன்னோம். ஒவ்வொரு எழுத்தாகத் திருப்பிச் சொல்லி எழுதிக்கொண்டார்.